பண்டிகை வீட்டில் பிள்ளையின் மானம்

பொங்கலுக்கும் தீபாவளிக்கும் பந்துக்கள் கூடுகின்ற வீடுகளில் இந்தக் காட்சி சகஜமாய் இருந்து வருகின்றது. மாமனோ சிற்றப்பனோ எட்டு வயதுப் பெண்ணைப் பார்த்து, "கறுப்பி, உன்னை எவன் கட்டுவான்?" என்று கேலி செய்கின்றார். கூடியிருப்போர் சிரிக்கின்றார்கள். பிள்ளை பொறுக்கமாட்டாமல், "நீங்கள் மாத்திரம் சிவப்பா?" என்று திருப்பிக் கேட்டுவிட்டாலோ வீடே அதிர்கின்றது. "பெரியவரை எதிர்த்துப் பேசலாமா? காலில் விழு" என்கின்றார்கள்.

தோழர்களே! இதில் குற்றவாளி யார் என்று கேட்கின்றோம். அதே வார்த்தையை அயலான் ஒருவன் சொல்லியிருந்தால் அவனைச் சும்மா விடுவோமா? உறவு என்பதனாலேயே வசவு ஆசீர்வாதமாகி விடுமா?

பிள்ளைகளின் அபிப்பிராயத்திற்கும் மதிப்புத் தரவேண்டுமென்று அய்க்கிய நாடுகள் சபை 1989-இல் உடன்படிக்கை செய்தது; 1992-இல் இந்தியாவும் அதை ஏற்றுக்கொண்டது. பள்ளியில் பிள்ளையை அடிப்பதையும் மனம் நோகச் செய்வதையும் 2009-ஆம் வருஷத்திய கல்வி உரிமைச் சட்டம் தடுக்கின்றது. வாத்தியாருக்கு இல்லாத அதிகாரம் மாமனுக்கு எப்படி வந்தது?

பிள்ளை அடித்திருந்தால், கடித்திருந்தால் கண்டிக்க வேண்டியதுதான். ஆனால் முதலில் இருவரையும் விசாரியுங்கள். தப்புச் செய்தவர் மாமனானால் அவரே மன்னிப்புக் கேட்கட்டும். அதனால் அவர் மரியாதை குறைந்துவிடாது. நியாயமில்லாமல் காலில் விழப் பழகிய பிள்ளை நாளை எவன் காலிலும் விழும் என்பதை மறவாதீர்கள்.