உங்கட பேர் என்ன, எந்த ஊர்?

தோழர்களே,

கடந்த மாத வாசிப்பு வட்டத்தை நான்தான் நடத்தினேன். புதிதாகப் பத்துப் பேர் வந்திருந்தார்கள். கூச்சம் போகட்டும் என்று ஓர் அறிமுகச் சுற்று வைத்தேன். உங்கட பெயர், அதன்ர அர்த்தம், வீட்டுக்காரர் எந்த ஊர்? மூன்றே கேள்விதான். முதல் ஆறு பேரும் உற்சாகமாகச் சொன்னார்கள். ஒருவருக்கு நிலா, ஒருவருக்கு வெற்றி, இன்னொருவருக்கு முருகன். ஏழாவது தோழர் பெயரை மட்டும் சொன்னார். "அர்த்தம்?" என்று கேட்டேன். "இருக்கு" என்றார். "ஊர்?" என்றேன். "ஸ்காபரோ" என்றார். எல்லாரும் சிரித்தோம். அவர் சிரிக்கவில்லை. இடைவேளைக்குப் பிறகு அவரைக் காணவும் இல்லை.

இரண்டு நாள் கழித்து அவரிடமிருந்து ஒரு மெசேஜ் வந்தது. அவரிடம் கேட்டுத்தான் அதன் சாரத்தை இங்கே எழுதுகிறேன். அவருடைய பூட்டனார் காலத்து யாழ்ப்பாணத்தில் ஆதிக்க சாதி வீடுகளில் பிள்ளைக்குக் கந்தையா, கந்தசாமி என்று பெயர். அதே முருகனின் பெயரைத்தான் இவரது பூட்டனாருக்கும் வைத்தார்கள். ஆனால் வெறும் கந்தன். மரியாதையான முடிவு வைக்க விடமாட்டார்கள். வைத்தாலும் கூப்பிடுகிறவர்கள் வெட்டித்தான் கூப்பிடுவார்கள். "எங்கட வீட்டில பேருக்கு அர்த்தம் கேக்கிறது பகிடி இல்ல. ஊர் எது எண்டு ஏன் கேக்கிறாங்கள் எண்டும் எங்களுக்குத் தெரியும்" என்று எழுதியிருந்தார்.

நான் மன்னிப்புக் கேட்டேன். ஆனால் இதை அந்த மெசேஜோடு முடித்துவிட முடியாது. ஏனென்றால் வருகிற வாரம் நாங்கள் தொடங்கவிருக்கும் பிரசாரமே பெயர் பற்றியதுதான். "எங்கட பெயரைச் சரியாச் சொல்லுங்கோ" என்று போஸ்டர் கூட அடித்துவிட்டோம்.

அந்தக் கோரிக்கையை நான் முழுமனதோடு ஆதரிக்கிறேன். பள்ளிக்கூடத்தில் ரீச்சர் இடாப்புக் கூப்பிடும்போது என் பெயருக்கு முன்னால் வரும் அந்த இடைவெளி இன்றைக்கும் காதில் இருக்கிறது. அப்பா கனடாவுக்கு வந்தபோது படிவத்தில் குடும்பப் பெயர் என்று ஒரு பெட்டி இருந்தது. எங்களிடம் அப்படி ஒன்று இல்லை. அப்பாவின் அப்பாவுடைய பெயர் அதற்குள் போனது. இப்போது பல்கலைக்கழகத்திலிருந்து வரும் ஒவ்வொரு கடிதமும் நான் கண்ணாலும் காணாத அப்பப்பாவைத்தான் விளிக்கிறது.

ஆனால் அந்தப் பெட்டி எங்கிருந்து வந்தது என்று கேட்க வேண்டும். பரம்பரைக் குடும்பப் பெயர் இயற்கையானது அல்ல. பல இடங்களில் வரி வாங்கவும், படைக்கு ஆள் எடுக்கவும், கணக்கு வைக்கவும் அரசுகள் கொண்டுவந்த ஏற்பாடு அது. 1849இல் பிலிப்பீன்ஸின் ஸ்பானிய ஆளுநர் கிளவேரியா ஒரு பெயர்ப் பட்டியலை அச்சடித்து ஊர் ஊராகப் பங்கிட வைத்தார். சில ஊர்களில் பெரும்பாலானோரின் குடும்பப் பெயர் இன்றும் ஒரே எழுத்தில் தொடங்குவது அதனால்தான். துருக்கியின் 1934ஆம் ஆண்டுச் சட்டம் எல்லாரும் குடும்பப் பெயர் எடுக்க வேண்டும் என்றது, ஆனால் இனக்குழுப் பெயர்களையும் 'அந்நிய' பெயர்களையும் தடுத்தது. துருக்கிய அரிச்சுவடியில் இல்லாத கியூ, டபிள்யூ, எக்ஸ் எழுத்துகளோடு பிள்ளைக்குப் பெயர் பதிய முடியாமல் எங்கட குர்திஷ் தோழர்களின் குடும்பங்கள் பட்ட பாடு உங்களில் பலருக்குத் தெரியும்.

அவ்வளவு தூரம் போகவும் தேவையில்லை. நாங்கள் வாழும் இதே நாட்டில், இனுவிற் மக்களுக்கும் குடும்பப் பெயர் இருக்கவில்லை. ஒருவர் இறந்தால் அவர் பெயரைப் புதிதாகப் பிறக்கும் குழந்தைக்கு வைப்பார்கள். ஆணின் பெயர், பெண்ணின் பெயர் என்ற பிரிவு இல்லை. பெயரோடு உறவும் வரும். தன் தாயின் பெயரைத் தாங்கும் மகனை ஒரு பெண் 'அம்மா' என்றே கூப்பிடலாம். இதை வாசித்தபோது எனக்கு எங்கட 'பேரன்' என்ற சொல் நினைவுக்கு வந்தது. பாட்டனின் பெயரைத் தாங்குபவன் பெயரன், அதுதான் பேரன். மாமனாரின் பெயரைச் சொல்லக் கூடாது என்பதால், அதே பெயர் வைத்த தன் பிள்ளைக்கே வேறொரு செல்லப்பெயர் கண்டுபிடித்த அம்மாமார் எங்கள் குடும்பங்களில் இருந்தார்கள்.

கனேடிய அரசுக்கு இந்தப் பெயர்முறை புரியவில்லை. உச்சரிக்க வரவில்லை, எழுத வரவில்லை, கோப்பில் வரிசைப்படுத்த முடியவில்லை. ஆகவே 1941 முதல் ஒவ்வொருவருக்கும் ஓர் எண் கொடுத்தது. கழுத்தில் மாட்டிக்கொள்ளும் ஒரு சின்ன வட்டத் தகடு. கிழக்குக்கு ஈ, மேற்குக்கு டபிள்யூ, பிறகு இலக்கங்கள். அரச கொடுப்பனவு பெறவும் பள்ளிக்கூடத்தில் பதியவும் அந்த எண் வேண்டும். பிறகு 1968 முதல் 1971 வரை 'புரொஜெக்ட் சர்நேம்' நடந்தது. ஏப் ஒக்பிக் என்ற இனுவிற் தலைவர் வடக்கு முழுக்கப் பயணம் செய்து, மக்களைக் குடும்பப் பெயர் தெரிவுசெய்ய வைத்தார். எண் போனது நல்லதுதான். ஆனால் அதன் இடத்தில் வந்தது அதே பெட்டிதான், கணவனின் பெயர் மனைவிக்கு என்ற வழக்கத்தோடு. லூசி இட்லவுட் என்ற பாடகி தன் முதல் இசைத்தொகுப்புக்குத் தன் அம்மாவின் எண்ணையே தலைப்பாக வைத்தார்: ஈ5-770.

வதிவிடப் பாடசாலைகளிலும் முதற்குடிப் பிள்ளைகளின் பெயரை எடுத்துவிட்டு வேறு பெயர் வைத்தார்கள், எண்ணும் கொடுத்தார்கள். அந்தப் பெயர்களை மீட்டெடுக்க ஐந்து வருடம் கட்டணம் இல்லாமல் வழிசெய்யுங்கள் என்பது உண்மை மற்றும் நல்லிணக்க ஆணைக்குழு 2015இல் விடுத்த 17ஆவது அழைப்பு. பாஸ்போட்டில் அதை நடைமுறைப்படுத்துவதாக மத்திய அரசு அறிவிக்க 2021 ஆனது.

எங்கட இடாப்புச் சங்கடத்தையும் இதையும் நான் ஒரே தட்டில் வைக்கவில்லை. நாங்கள் அந்த நிலத்தில் குடியேறியவர்கள். ஆனால் ஒரு விஷயம் இரண்டு இடத்திலும் உண்மை: யாருக்கு யார் பெயர் வைக்கலாம் என்பதைத் தீர்மானித்தது அதிகாரம். இதை வெள்ளைக்காரரிடம் மட்டும் சொல்லிவிட்டு நிறுத்த எங்களுக்கு உரிமை இல்லை.

மனுநூலின் இரண்டாம் அத்தியாயம் வர்ணவாரியாகப் பெயர் வைக்கச் சொல்கிறது. பிராமணனுக்கு மங்கலம், சத்திரியனுக்கு வலிமை, வைசியனுக்குச் செல்வம், சூத்திரனுக்கு இழிவு. பெயரின் அர்த்தமே தண்டனையாக இருந்த ஒரு மரபு எங்கட பின்னால் இருக்கிறது. அதற்கு எதிரான மரபும் இருக்கிறது. 1929இல் செங்கல்பட்டுச் சுயமரியாதை மாநாடு சாதிப் பட்டங்களைக் கைவிடத் தீர்மானம் போட்டது. தொல். திருமாவளவனின் தலைப்பெழுத்தில் இருக்கும் தொல்காப்பியன், ராமசாமி என்ற தன் தந்தைக்கு மகன் வைத்த பெயர். கனேடியப் படிவத்துக்குக் 'குறை'யாகத் தெரியும் அந்த வெற்றுப் பெட்டி, தமிழ்நாட்டில் போராடிப் பெற்றதும் கூட.

ஈழத்தமிழர் பிள்ளைகள் நாங்கள் இதைக் கேட்டுவிட்டு, "எங்கட பெயரிலதான் சாதி இல்லையே" என்று சொல்லுவோம். நானும் சொல்லியிருக்கிறேன். பெயரில் இல்லாததைத்தான் ஊரைக் கேட்டு, குறிச்சியைக் கேட்டு, எந்தக் கோயிலடி என்று கேட்டுக் கண்டுபிடிக்கிறார்கள். கலியாணப் பேச்சில் மாமிமார் கேட்கும் அதே கேள்வியை, இடதுசாரிக் கூட்டத்தில் நான் சிரித்த முகத்தோடு கேட்டிருக்கிறேன்.

ஆகவே ஆசிரியர் குழு முடிவெடுத்தவை இவை. எங்கட கூட்டங்களில் இனி அர்த்தமும் ஊரும் கேட்கப்படாது. எப்படிக் கூப்பிட வேண்டும் என்பதை மட்டும் கேட்போம். சொல்ல விரும்பியவர் மிச்சத்தைச் சொல்லலாம். இரண்டாவது, இந்த மடலுக்குப் பதியும் எங்கட சொந்தப் படிவத்திலேயே குடும்பப் பெயர் கட்டாயம் என்று இருந்தது. யாரும் கவனிக்கவில்லை. இந்த வாரம் அதை ஒரே பெட்டியாக மாற்றிவிட்டோம். அதே மாற்றத்தைப் பல்கலைக்கழகப் பதிவு அலுவலகங்களிடமும் பிரசாரத்தின் கோரிக்கையாகக் கேட்போம். மூன்றாவது, போஸ்டர்கள் இரண்டு வாரம் தள்ளிப்போகின்றன. பெயர்களை மீட்பதற்குக் காலக்கெடுவும் கட்டணமும் இருக்கக் கூடாது என்ற முதற்குடி மக்களின் கோரிக்கையும், சாதியும் பெயரும் பற்றிய ஒரு பக்கமும் அதில் சேர வேண்டும்.

அந்தப் பக்கத்தை யார் எழுதுவது என்று அந்தத் தோழரிடம் கேட்டேன். "நான் ஏன் எழுத வேணும்? உங்கட ஆக்கள் செய்ததை நீங்கள் எழுதுங்கோ, நான் பாத்துத் திருத்திறன்" என்றார். சரிதான். முதல் வரைவை இந்த ஞாயிற்றுக்கிழமைக்குள் நான் எழுதுகிறேன். என்னைப் போன்ற வீடுகளில் வளர்ந்தவர்கள், உங்கள் வீட்டுப் பெரியவர்கள் யாரை எப்படிப் பெயர் வெட்டிக் கூப்பிட்டார்கள் என்று கேட்டு, இந்த மடலுக்குப் பதிலாக எழுதி அனுப்புங்கள். கேட்பது சங்கடமாக இருக்கும். கேளுங்கள்.

தோழமையுடன்,
இந்த மாத ஆசிரியர்