சிரிப்புக்கு இருப்பிடச் சான்று

நியூயார்க் நகரத்தில், பழைய டிவி நகைச்சுவைத் தொடர்கள் எடுக்கப்பட்ட இடங்களைச் சுற்றிக் காட்டுகிறோம் என்று பஸ் விடுகிறார்கள். கூட ஒரு வழிகாட்டி மைக்கோடு வருவார். டிக்கெட் உண்டு. இதைச் சொன்னபோது கடற்கரையில் என்னோடு நடக்கும் நண்பர்கள் சிரித்தார்கள். "கோயில் பார்க்கலாம், மியூசியம் பார்க்கலாம். டிவியில் வந்த சுவரைப் பார்க்கவா டாலர் கொடுக்கணும்?" என்று ஒருவர் கேட்டார். எனக்கு அதில் ஆட்சேபணை இல்லை. மனம் விட்டுச் சிரிக்க வைத்த ஒன்றைத் தேடிப் போய்ப் பார்ப்பது நல்ல காரியம்தான். ஆனால் எந்த விலாசத்துக்குக் கூட்டிப் போகிறார்கள் என்பதில்தான் எனக்கு வழக்கு இருக்கிறது.

விலாசம் பற்றிப் பேச எனக்குக் கொஞ்சம் உரிமை உண்டு. முப்பது வருஷத்துக்கு மேல் சர்க்காரில் எழுத்தர். அதில் பெரும்பகுதி என் மேசைக்கு வந்தவை இருப்பிடச் சான்றுக் கோப்புகள். இன்னார் இன்ன தெருவில் குடியிருக்கிறார் என்று சும்மா எழுதிக் கொடுத்துவிட முடியாது. ரேஷன் கார்டு பார்க்க வேண்டும், வரி ரசீது பார்க்க வேண்டும், அக்கம்பக்கத்தில் கேட்க வேண்டும், கடைசியில் ஸ்தல விசாரணை. அந்தப் பழக்கம் பென்ஷன் வாங்கியும் போகவில்லை.

மகன் நியூஜெர்சியில் இருக்கிறான். அங்கே ஆறு மாதம் போய் இருந்தால் குளிர் நாளில் வேறென்ன செய்வது? பேரப்பிள்ளைகளோடு உட்கார்ந்து பழைய தொடர்களை எல்லாம் பார்த்தோம். எனக்கு இங்கிலீஷைவிட பிரெஞ்சுதான் சுலபம். இருந்தாலும் கீழே எழுத்து ஓடுவதால் சமாளித்தேன். பிறகு மகன்தான் எங்கள் இருவருக்கும் அந்த பஸ்ஸுக்கு டிக்கெட் எடுத்துக் கொடுத்தான்.

முதலில் 'ஃப்ரெண்ட்ஸ்' வீடு. 1994 முதல் 2004 வரை ஓடிய தொடர். கிரீனிச் வில்லேஜ் பகுதியில் பெட்ஃபோர்டு தெருவும் குரோவ் தெருவும் சந்திக்கும் முனையில் 90-ஆம் எண் கட்டடம். டிவியில் அடிக்கடி காட்டுவார்களே, அதேதான். "இதோ, இங்கேதான் அவர்கள் வாழ்ந்தார்கள்" என்றார் வழிகாட்டி. எல்லோரும் படம் எடுத்தார்கள். ஆனால் அந்தக் கட்டடத்தின் வெளித்தோற்றத்தை மட்டும்தான் தொடரில் காட்டினார்கள். நடிகர்கள் நடித்தது சுமார் 4,000 கிலோமீட்டருக்கு அப்பால், கலிஃபோர்னியாவில் பர்பாங்க் என்ற ஊரில், வார்னர் பிரதர்ஸ் ஸ்டூடியோவுக்குள்.

அடுத்தது 'சைன்ஃபெல்ட்'. 1989-ல் ஆரம்பித்து 1998-ல் முடிந்தது. நாலு நண்பர்கள் ஓர் உணவகத்தில் உட்கார்ந்து ஒன்றுமில்லாத விஷயத்தைப் பேசிக்கொண்டே இருப்பார்கள். நம் ஊர் டீக்கடை பெஞ்சு மாதிரி. அந்த உணவகம் பிராட்வேயும் 112-ஆம் தெருவும் சேரும் முனையில் இருக்கிறது. பெயர் டாம்ஸ் ரெஸ்டாரன்ட். டிவியில் 'ரெஸ்டாரன்ட்' என்ற எழுத்து மட்டும் தெரியும்படி காட்டுவார்கள், ஏனென்றால் கதையில் அதன் பெயர் வேறு. உள்ளே உட்கார்ந்து பேசியதெல்லாம் லாஸ் ஏஞ்சல்ஸ் ஸ்டூடியோவில் போட்ட செட். இதில் இன்னொரு வேடிக்கை. கதாநாயகன் குடியிருப்பதாகச் சொல்லும் விலாசம் நியூயார்க்கில் 81-ஆம் தெரு. ஆனால் அவன் வீடு என்று காட்டுகிற கட்டடமே லாஸ் ஏஞ்சல்ஸில் இருப்பது.

எங்களுக்குப் பள்ளிக்கூடத்தில் பிரெஞ்சு நடத்திய மெஸ்யே இரண்டு வார்த்தைகளைக் குழப்பினால் கோபப்படுவார். ஒன்று 'லியூ', அதாவது இடம். இன்னொன்று 'டெக்கோர்', அதாவது இடம் மாதிரி கட்டி வைத்தது. அந்த பஸ்ஸில் மூன்று மணி நேரமும் டெக்கோரை லியூ என்று சொல்லிக்கொண்டே வந்தார்கள்.

உண்மையைச் சொன்னால் கூட்டம் வராது என்று நினைக்கிறார்கள் போலும். எனக்கென்னவோ உண்மை இன்னும் ருசியாகப் படுகிறது. டாம்ஸ் உணவகம் இருக்கும் அதே கட்டடத்தில், மேல் மாடிகளில், நாசாவின் கோடார்டு விண்வெளி ஆய்வு நிறுவனம் பல பத்தாண்டுகள் இயங்கியது. அதன் இயக்குநராக இருந்த ஜேம்ஸ் ஹான்சன்தான் 1988-ல் அமெரிக்க செனட் குழுவின் முன் பூமி சூடாகிறது என்று சாட்சி சொன்னவர். மறு வருஷம் தொடர் ஆரம்பம். ஒன்றுமில்லாததைப் பேசிய உணவகத்துக்கு மேலே உலகத்தின் தலைவிதியைக் கணக்குப் போட்டுக்கொண்டிருந்தார்கள்! இதை வழிகாட்டி சொல்லியிருந்தால் நான் கைதட்டியிருப்பேன்.

சரி, நிஜமாகவே நியூயார்க்கில் எடுக்கப்பட்ட நகைச்சுவைத் தொடர் இல்லையா என்றால், உண்டு. 'தி ஹனிமூனர்ஸ்'. 1955-56-ல் 39 பகுதிகள். எங்கள் வயதுக்காரர்களுக்குப் பிடிக்கும் கறுப்பு வெள்ளைத் தொடர். ரால்ஃப் என்று ஒரு பஸ் டிரைவர். வாயைத் திறந்தால் பெரிய திட்டம், கையில் காசு இல்லை. மேல் வீட்டு நார்ட்டனுக்குப் பாதாளச் சாக்கடையில் வேலை. ரால்ஃபின் மனைவி ஆலிஸுக்கு ஒரு மேசை, ஓர் அடுப்பு, ஓர் ஐஸ் பெட்டி, அவ்வளவுதான் வீடு. சாதாரண வேலைக்காரன் வீட்டை அலங்காரம் இல்லாமல் காட்டிய தொடர் அது. 54-ஆம் தெருவில் அடெல்ஃபி என்ற தியேட்டரில், எதிரே ஜனங்களை உட்கார வைத்துக்கொண்டே எடுத்தார்கள். அந்த தியேட்டரை 1970-ல் இடித்துவிட்டார்கள்.

ஆக, எடுத்த இடத்தில் பார்க்க ஒன்றும் இல்லை. பார்க்கிற இடத்தில் எடுக்கவே இல்லை. ஸ்தல விசாரணை அறிக்கை இவ்வளவுதான். இதோடு கோப்பை மூடிவிடலாம். ஆனால் என் அபிப்பிராயம் இதற்குப் பிறகுதான் ஆரம்பிக்கிறது.

ரால்ஃபின் விலாசம் தொடரில் 328, சான்சி தெரு, புரூக்ளின். இது கதைக்காகக் கற்பனை செய்த விலாசம் அல்ல. ரால்ஃபாக நடித்த ஜாக்கி கிளீசன் சின்ன வயதில் அங்கேதான் வளர்ந்தார். காப்பீட்டு அலுவலகத்தில் வேலை பார்த்த தகப்பனார், பையனுக்கு ஒன்பது வயதாக இருக்கும்போது குடும்பத்தை விட்டுப் போய்விட்டார். தாயார்தான் வேலைக்குப் போய் வளர்த்தார். பிற்காலத்தில் பேரும் பணமும் வந்த பிறகு, தன் கதாபாத்திரத்துக்கு விலாசம் வேண்டும் என்றபோது அவர் எடுத்துக் கொடுத்தது அந்த ஏழை வீட்டு எண்ணை. எனக்குச் சான்று எழுதும் அதிகாரம் இருந்தால் இந்த ஒரு விலாசத்துக்கு யோசிக்காமல் எழுதுவேன். நாங்கள் போன பஸ் அந்தத் திசைக்கே போகவில்லை.

இன்னொரு விலாசம் மன்ஹாட்டன் பிளாசா. 42, 43-ஆம் தெருக்களுக்கு நடுவே இரண்டு உயரமான கோபுரங்கள். நடுத்தர வசதிக்காரர்களுக்காகத்தான் கட்டினார்கள். அந்தக் காலத்தில் அந்த வட்டாரம் மோசம், நகரத்தின் கஜானாவும் காலி. குடிவர ஆள் கிடைக்கவில்லை. கடைசியில் மத்திய அரசின் வாடகை மானியத்தோடு 1977-ல் திறந்தார்கள். நூற்றுக்கு எழுபது வீடுகள் நாடகம், இசை, நடனக் கலைஞர்களுக்கு. மீதி, முதியவர்களுக்கும் அந்த வட்டாரத்துப் பழைய குடிகளுக்கும். வாடகை அவரவர் வருமானத்தில் ஒரு பங்கு. சம்பாத்தியம் குறைந்தால் வாடகையும் குறையும்.

அங்கே குடியிருந்தவர்தான் லாரி டேவிட். 'சைன்ஃபெல்ட்' தொடரை உருவாக்கிய இருவரில் ஒருவர். எதிர் வீட்டுக்காரர் கென்னி கிரேமர். தொடரில் வரும் கிரேமர் என்ற விசித்திரமான எதிர் வீட்டுக்காரர் இவரைப் பார்த்து எழுதப்பட்டவர். இந்த நிஜ கிரேமர்தான் 1996-ல் நியூயார்க்கில் 'சைன்ஃபெல்ட்' இடங்களைக் காட்டும் சுற்றுலாவைத் தொடங்கினார். தன் பெயரில் ஊர் சிரித்தால், அதில் தானும் நாலு காசு பார்ப்பதில் என்ன தவறு?

நான் சொல்ல வருவது இதுதான். சரியான வருமானம் இல்லாத இரண்டு பேர் எதிரெதிர் வீட்டில் பயமில்லாமல் குடியிருக்க முடிந்ததால்தான் அந்தச் சிரிப்பு பிறந்தது. அதற்குப் பின்னால் ஏதோ ஓர் அலுவலகத்தில் ஒரு கோப்பு இருக்கிறது. வருமானச் சான்றைச் சரிபார்த்து, மானியத்தைக் கணக்குப் போட்டு, கையெழுத்துக்கு அனுப்பிய யாரோ ஓர் எழுத்தர் இருக்கிறார். வேலையற்ற நகைச்சுவைக்காரனுக்கு எதற்கு அரசாங்க வீடு என்று அன்றைக்குக் கேட்டவர்களும் இருந்திருப்பார்கள். நம் ஊரிலும் தெருக்கூத்துக் கலைஞருக்கு ஓய்வூதியம் என்றால் சிலர் முகம் சுளிக்கிறார்கள். அவர்களை நான் முதலில் மன்ஹாட்டன் பிளாசாவுக்குத்தான் அழைத்துப் போவேன்.

சுவரைக் காட்டி ஏமாற்றுவதில் யாருக்கும் பெரிய நஷ்டம் இல்லை. மனுஷனைக் காட்டும்போதுதான் நஷ்டம். 55-ஆம் தெருவில் ஈரானிலிருந்து வந்த அல் யெகானே என்பவர் 1984-ல் ஒரு சூப் கடை போட்டார். சூப் பிரமாதம் என்று பேர். வரிசை நீளம். அதனால் கண்டிப்பு: காசைக் கையில் தயாராக வை, கேட்டதும் ஓரமாக நகர். நம் ரேஷன் கடையைவிட மோசம் என்று சொல்ல மாட்டேன். 1995-ல் 'சைன்ஃபெல்ட்' அவரை மாதிரி ஒரு பாத்திரத்தை வைத்து, 'சூப் நாஜி' என்று பட்டப்பெயர் கொடுத்தது. நாடு முழுக்கச் சிரித்தது. அவர் மட்டும் சிரிக்கவில்லை. அந்தச் சொல்லை வெறுத்தார், வெளிப்படையாகவே கோபப்பட்டார். 1940-ல் நம் புதுச்சேரி தெ கோல் பக்கம் நின்றது. அந்த யுத்தத்துக்குப் போன சொல்தாக்களின் வீடுகள் நம் தெருக்களில் இருந்தன. 'நாஜி' என்பது விளையாட்டுச் சொல் இல்லை என்று எங்கள் தலைமுறைக்குச் சொல்லித் தர வேண்டியதில்லை. உழைத்துப் பிழைக்கிறவர் மேல் அதை ஒட்டிவிட்டு, அவர் கடை வாசலில் அதையே உரக்கச் சொல்லிப் படம் எடுப்பது தரமான சுற்றுலா ஆகாது.

பெட்ஃபோர்டு தெருவிலும் இப்படி ஒன்று. குறுகலான நடைபாதை. நாங்கள் முப்பது பேர். வயதான அம்மா ஒருவர் இரண்டு கையிலும் பை வைத்துக்கொண்டு போக வழியில்லாமல் நின்றார். என் மனைவிதான் கவனித்து, "என்னங்க, பாவம், அந்தம்மா வீட்டுக்குப் போக வேணாமா?" என்று என் சட்டையைப் பிடித்து இழுத்தாள். எங்கள் வழிகாட்டி அந்த அம்மாவைக் கவனிக்கவே இல்லை. அடுத்த வேடிக்கைக் கதைக்குப் போய்விட்டார்.

இது நமக்கு அந்நியமான விஷயம் இல்லை. நம் தாவரவியல் பூங்காவில் ஆங் லீ வந்து 'லைஃப் ஆஃப் பை' எடுத்தார். படம் 2012-ல் வந்தது. அதற்கு முன்னும் பின்னும் எத்தனையோ படங்கள். இப்போது சனி, ஞாயிறு என்றால் வெள்ளைக்காரத் தெரு மஞ்சள் சுவர்களுக்கு முன்னால் நிற்கிற கூட்டத்தைப் பாருங்கள். அந்தக் கதவுகளுக்குப் பின்னால் மத்தியானம் தூங்குகிற கிழவர்கள் இருக்கிறார்கள், அவர்களில் சிலர் இதைப் படிக்கிறார்கள். வருகிறவர்களை விரட்டச் சொல்லவில்லை. ஊருக்கு வருமானம் வேண்டும். ஆனால் அழைத்து வருகிறவர்கள் அங்கே ஆள் குடியிருக்கிறது என்று ஒரு வார்த்தை சொல்லலாம். எது இடம், எது செட் என்றும் சொல்லலாம். கேட்கிறவன் ஏமாற மாட்டான், இன்னும் ஆவலாகத்தான் பார்ப்பான்.

இதைப் படிக்கும் பலருக்கும் பிள்ளைகள் நியூஜெர்சியில் இருக்கிறார்கள். அங்கிருந்து நியூயார்க் போகும் பஸ்கள் பெரும்பாலும் வந்து நிற்பது போர்ட் அத்தாரிட்டி பஸ் நிலையத்தில். அதன் வாசலில், எட்டாவது அவென்யூ பக்கம், 2000-ல் ஒரு வெண்கலச் சிலை வைத்தார்கள். ரால்ஃபின் சிலை. டிரைவர் உடுப்பு, கையில் சாப்பாட்டுப் பெட்டி. கற்பனையான ஒரு பஸ் டிரைவருக்கு நிஜமான பஸ் நிலையத்தில் சிலை. அதற்கு டிக்கெட் இல்லை. நாங்கள் போனபோது வேலை முடிந்து வந்த நிஜ டிரைவர் ஒருவர் அதன் பக்கத்தில் நின்று காபி குடித்துக்கொண்டிருந்தார். மன்ஹாட்டன் பிளாசாவும் அங்கிருந்து நடக்கிற தூரம்தான், முட்டி வலி உள்ளவர்களும் நிதானமாகப் போய் வரலாம்.