நான்காம் இடத்து ஆசிரியர்

சென்ற மாதம் பாறசாலையை அடுத்த சிற்றூரிலிருந்து தாயார் ஒருவர் நம்மைக் காண வந்தார். அவருடைய மகன் மூன்றாண்டுகள் ஜிம்மில் உழைத்து ஆணழகன் போட்டிக்குச் சென்றவன். பரிசு கிட்டவில்லை. அன்று முதல் அவன் வீட்டைவிட்டு வெளியே வருவதில்லையாம். பள்ளியில் அவனுடைய மலையாளத்தில் தமிழ்வாடை வீசுகிறதென்று பிள்ளைகள் கேலி செய்வார்களாம்; அதற்கு விடையாகவே உடலை வளர்த்தானாம். பிழைப்பு நாடி எல்லை கடந்து வந்த குடும்பங்களுக்கு இது புதிய செய்தியன்று.

அவனுக்கும் அவனையொத்த இளைஞருக்கும் ஒருவரை அறிமுகம் செய்ய விரும்புகிறோம். 'பம்பிங் அயர்ன்' என்னும் ஆவணப்படம் 1977-இல் வெளிவந்தது. அதனால் பெரும்புகழ் பெற்றவர் அர்னால்டு சுவார்சநேகர். அதே படத்தில் தோன்றும் மைக் காட்ஸ் என்பவரை அறிந்தோர் சிலரே. அவர் அமெரிக்காவின் கனெக்டிகட் மாநிலத்துப் பள்ளி ஆசிரியர்; மனைவி மக்களோடு வாழ்ந்தவர். யூதச் சிறுவன் என்பதற்காகவும் மூக்குக்கண்ணாடி அணிந்ததற்காகவும் இளமையில் ஏளனத்துக்கு ஆளானவர். அந்த ஏளனமே அவரை உடற்பயிற்சியில் ஈடுபடுத்திற்று.

1975-இல் தென்னாப்பிரிக்காவின் பிரிட்டோரியா நகரில் மிஸ்டர் யூனிவர்ஸ் போட்டி நடந்தது. உயரமானோர் பிரிவில் கென் வாலர் வென்றார்; காட்ஸ் நான்காம் இடமே பெற்றார். காட்ஸின் பனியனை வாலர் எடுத்து ஒளித்ததாகவும் படம் காட்டுகிறது. ஆனால் வாலர் அதற்குத் திட்டமிடும் காட்சி போட்டி முடிந்த பின்னரே எடுக்கப்பட்டது. கதைக்கு ஒரு வில்லன் தேவைப்பட்டான் போலும்!

நம் நாட்டு மனோகர் ஐச் அவர்களையும் இங்கு நினைவுகூர்வோம். உயரம் 4 அடி 11 அங்குலம். ஆங்கிலேய அதிகாரியை அறைந்ததற்காகச் சிறை சென்றவர், அங்கும் பயிற்சியை விடவில்லை. 1952-இல் மிஸ்டர் யூனிவர்ஸ் போட்டியில் குள்ளர் பிரிவில் வென்று, 2016-இல் 104 வயதில் மறைந்தார். அவமதிப்பை உழைப்பாக மாற்றிய வகையில் இவ்விருவரும் ஓரினத்தவரே. ஒருவருக்கு அந்தப் போட்டியில் வெற்றி கிட்டியது, மற்றவருக்கு 1975-இல் கிட்டவில்லை. ஆயினும் காட்ஸ் இத்துறையைத் துறக்கவில்லை. பின்னாளில் உடற்பயிற்சிக் கூடம் நடத்தும் தொழிலிலும் ஈடுபட்டார்.

நடுவர்கள் மேடையில் ஒரு நாள் கண்ட உடலுக்கே மதிப்பெண் இடுகின்றனர். மூன்றாண்டுகள் வைகறையில் எழுந்த ஒழுங்கை அவர்கள் காண்பதில்லை. அதை அளக்க அவர்களிடம் கோலும் இல்லை. கேலி செய்தவர்களுக்கு விடை சொல்லவே உடலை வளர்த்தால், அவர்கள் கைதட்டும்வரை காத்திருக்க வேண்டியதுதான். தனக்காக வளர்த்தவனுக்கு அந்தக் காத்திருப்பு இல்லை.

பெற்றோருக்கும் ஒரு சொல். பிள்ளை தோற்று வந்த அன்று, எத்தனையாவது இடம் என்று கேட்பதற்குமுன் சோறு போடுங்கள். அந்தத் தாயாரிடமும் இதையே சொல்லி அனுப்பினோம்.