இரண்டே நிமிடம்!

திருவனந்தபுரத்தின் எம்.ஜி. சாலையிலோ தம்பானூரிலோ மட்டுமல்ல, நாட்டின் எந்த நகரத்திலும் காணக்கூடிய காட்சி இது. வாகன நிறுத்துமிடத்தில், தரையில் தீட்டிய சக்கர நாற்காலிச் சின்னத்தின் மேல் பளபளப்பான கார் ஒன்று நிற்கும். இணைப்புச் சக்கரம் பொருத்திய ஸ்கூட்டரில் வந்தவர் கேட்டால், “இரண்டே நிமிடம்” என்பார் கார்க்காரர். “காலியாகத்தானே கிடந்தது?” என்ற நியாயமும் தொடரும். சற்று அழுத்திக் கேட்டால், அந்தக் கனவான் எதிரில் இருப்பவரிடமே ஊனச் சான்றிதழ் கேட்பார்!

அந்த இடம் 3.6 மீட்டர் அகலத்தில், நுழைவாயிலிலிருந்து 30 மீட்டருக்குள் அமைய வேண்டும் என்கிறது ஒன்றிய அரசின் வழிகாட்டுதல். கதவை முழுதாகத் திறந்து சக்கர நாற்காலியை இறக்க அவ்வளவு அகலம் தேவை. அது எவரும் இட்ட தானமல்ல.

கார்க்காரரை மட்டும் நொந்து பயனில்லை. ஒன்றிய ஆட்சியாளர்களும் “இரண்டே நிமிடம்” என்றே சொல்லி வந்துள்ளனர். 2015 டிசம்பரில் ‘சுகம்ய பாரத்’ இயக்கம் தொடங்கப்பட்டது. அதே மாதம் ‘திவ்யாங்’ என்னும் தெய்விகப் பெயரையும் பிரதமர் சூட்டினார். பெயர் உடனே வந்துவிட்டது, சாய்தளம்தான் வரவில்லை. மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம், 2016-இன் 45ஆவது பிரிவு பொதுக் கட்டடங்களைச் சீரமைக்க அளித்த ஐந்தாண்டுக் கெடு 2022 ஜூனில் முடிந்தது.

பார்வை மாற்றுத்திறனாளியான ராஜீவ் ரதூரி 2005இல் தொடுத்த வழக்கில், 2024 நவம்பர் 8 அன்று உச்சநீதிமன்றம் ஓர் உண்மையை உரக்கச் சொன்னது. சட்டம் கட்டாயமாக்கியதை விதி 15(1) வெறும் பரிந்துரையாக்கிவிட்டது. எனவே அவ்விதி செல்லாது. மூன்று மாதங்களில் கட்டாய விதிகளை வகுக்க வேண்டும் என்றது. இதைச் சொல்ல வைக்க ஒரு குடிமகனுக்கு 19 ஆண்டுகள் தேவைப்பட்டன.

2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி கேரளத்தில் மட்டும் 7.6 லட்சம் மாற்றுத்திறனாளிகள் உள்ளனர். எழுத்தறிவிலும் பொதுச் சுகாதாரத்திலும் முன்னோடியான மாநிலத்துக்கு இதிலும் முன்னோடியாகும் கடமை உண்டு.

அணுகல் வசதியற்ற கட்டடத்துக்கு நிறைவுச் சான்றிதழ் கூடாது என்கிறது 44ஆவது பிரிவு. சட்டத்தை மீறுவோருக்கு 5 லட்சம் ரூபாய் வரை அபராதம் விதிக்கலாம் என்கிறது 89ஆவது பிரிவு. உள்ளாட்சிகளும் மாநில அரசுகளும் இவற்றைத் தயக்கமின்றிச் செயல்படுத்த வேண்டும். மாற்றுத்திறனாளிகள் கேட்பது இரக்கமல்ல, உரிமை. அவர்களின் போராட்டத்துடன் உழைக்கும் மக்கள் இயக்கங்கள் கைகோக்க வேண்டும்.

அந்த இரண்டு நிமிடங்கள் முடிந்து நெடுங்காலமாயிற்று. வண்டியை எடுங்கள்!