குறி ஏன் மாறுகிறது?

“பக்கம் மாறினால் குறி மாறும்.” ஏழாம், எட்டாம் வகுப்பு மாணவியர் மந்திரம்போல் ஒப்பிக்கும் விதி இது. ஏன் மாறும் என்று கேட்டால் பலரிடம் பதில் இராது. காரணம் அறியாது விதியை மட்டும் மனனம் செய்வதே, “எனக்குக் கணக்கு வராது” என்ற சோர்வுக்கு முதற்படி என்பது நமது கருத்து.

எளிய கணக்கொன்றைப் பார்ப்போம். பழவந்தாங்கல் ரயில் நிலையத்தருகே ஒரு கடையில் நான்கு தோழியர் ஆளுக்கொரு நோட்டும் 10 ரூபாய்ப் பேனாவும் வாங்குகின்றனர். மொத்தம் 220 ரூபாய். ஒரு நோட்டின் விலை என்ன? தெரியாத விலையை ‘ய’ என்போம்.

4(ய + 10) = 220

அவசரக்காரி அடைப்பை நீக்கி 4ய + 10 = 220 என்றெழுதி, நோட்டின் விலை 52 ரூபாய் 50 காசு என்பாள். அவள் கணக்கில் ஒரு பேனாவுக்கு மட்டுமே விலை. மற்ற மூன்றும் இலவசம்! வெளியே நிற்கும் 4, நோட்டைப் பெருக்குவதுபோலப் பேனாவையும் பெருக்க வேண்டும்.

4ய + 40 = 220

இனி, இதை ஒரு தராசு என்று எண்ணுங்கள். இடத்தட்டில் 40ஐ எடுத்தால், வலத்தட்டிலும் 40ஐ எடுத்தாலன்றி முள் நேராக நில்லாது. ஆகவே 4ய = 180. இருபுறமும் 4ஆல் வகுக்க, ய = 45. இங்கே எந்த எண்ணும் வேலி தாண்டிக் குதித்து வேடம் மாற்றவில்லை. இருபுறமும் ஒரே நீதி செய்தோம், அவ்வளவே.

இந்த நீதி மிகப் பழையது. ஏறத்தாழ 820இல் பாக்தாத் நகரில் அல்-குவாரிஸ்மி எழுதிய நூலின் பெயரிலுள்ள ‘அல்-ஜபர்’ என்ற சொல்லே ‘அல்ஜீப்ரா’ ஆயிற்று. குறைந்ததை நிறைவு செய்தல் என்பது அதன் பொருள். வாரிசுகளுக்குச் சொத்தைப் பிரிக்கவும், வாணிபத்துக்கும், நிலம் அளக்கவும் உதவவே அவர் அதை எழுதினார். நம் நாட்டில் பாஸ்கராச்சாரியார் 1150இல் தெரியாத எண்ணை ‘யாவத் தாவத்’ எனக் குறித்தார். ‘எவ்வளவோ அவ்வளவு’ என்று பொருள். அதைச் சுருக்கி ‘யா’ என்றெழுதுவர். சமக்குறியாக இரு இணைகோடுகளை வேல்ஸ் நாட்டவரான ராபர்ட் ரெக்கார்டு 1557இல் அச்சில் தந்தார்.

பெற்றோருக்கு ஒரு வேண்டுகோள். “எத்தனை மார்க்?” என்று கேட்குமுன், “விடையைச் சரிபார்த்தாயா?” என்று கேளுங்கள். 45உடன் 10 சேர்த்தால் 55. நான்கு மடங்கு 220. விடை சரி! இதைச் சொல்லப் புத்தகத்தின் கடைசிப் பக்கமும் வேண்டாம், டியூஷனும் வேண்டாம். தன் விடை சரியென்று தானே நிறுவத் தெரிந்த பெண், பதினோராம் வகுப்பில் பாடப்பிரிவைத் தேர்ந்தெடுக்கும்போது கணக்குக்கு அஞ்சி ஒதுங்கமாட்டாள்.

அன்பு மாணவியரே, இரவுச் செபத்தில் ஆன்ம சோதனை செய்யப் பழகியிருக்கிறோம். கணக்கு நோட்டுக்கும் அப்பழக்கம் வேண்டும். விடைக்கடியில் ‘சரிபார்த்தல்’ என்று ஒரு வரி எழுதாமல் நோட்டை மூடாதீர்கள்.