ஒறுத்தபின் உசாவலா?

ஒருவனது பிழைப்பைப் பறிக்கும் ஆணையில் கையெழுத்திடுமுன், "இதற்கு நீ என்ன சொல்கின்றாய்?" என்று அவனை வினவுதல் ஆட்சியாளர் வழங்கும் அருட்கொடையன்று, அவனது உரிமை. இவ்வுரிமையை இந்நாட்டு நயன்மன்றங்கள் வெளிப்பட மறுப்பதில்லை. ஆனால், கொல்லைப்புறமாக ஒரு வாயிலைத் திறந்து வைத்துள்ளன. முதலில் ஒறுத்துவிட்டுப் பின்னர்க் கேட்பது என்னும் 'பிற்கேட்பே' அவ்வாயில். வெட்டிய பின் வலிக்கின்றதா என்று கேட்கும் இம்முறையையே யாம் கண்டிக்கின்றோம்.

1977 சூலையில், மேனகா காந்தி தம் கடவுச்சீட்டை ஏழு நாள்களுள் ஒப்படைக்க வேண்டும் என்று பணிக்கப்பெற்றார். கரணியம் கேட்டார். பொதுமக்கள் நலன் கருதி அதனைக் கூறவியலாது என்றது நடுவணரசு! 1978 சனவரியில் உச்சநயன்மன்றத்தின் நடுவர் எழுவர், கேளாது உரிமை பறித்தல் முறையன்று என்று தெளிவுபடக் கூறினர். அத்தீர்ப்பை வழக்கறிஞர்கள் வாயாரப் புகழ்வர். அதன் முடிவையோ எடுத்துக் காட்டுவார் சிலரே. இனிமேல் கேட்போம் என்று அரசின் வழக்கறிஞர் ஒப்பவே, கேளாது பிறந்த அவ்வாணை நீக்கப்படாமல் விடப்பட்டது.

1987-இல் அதே மன்றம் சற்றே விழித்தது. மூன்று தனியார் வங்கிகள் வேறு வங்கிகளோடு இணைக்கப்பட்ட பொழுது, பணியாளருள் ஒரு பகுதியினர் ஒரு சொல்லும் கேட்கப்படாமல் விலக்கப்பட்டனர். பிற்கேட்பு இங்குப் போதாது என்றது தீர்ப்பு. ஒருமுறை முடிவெடுத்தவர் அம்முடிவைக் காக்கவே முனைவர் அன்றோ?

இதன்பின்னும் தமிழ்நாட்டில் நடந்ததென்ன? 2003 சூலை 2-ஆம் நாள் அரசுப் பணியாளரும் ஆசிரியரும் வேலைநிறுத்தத்தில் இறங்கினர். சூலை 4-இல் அன்றைய அ.தி.மு.க. அரசு ஒரு விரைவுச் சட்டம் (அவசரச் சட்டம்) பிறப்பித்தது. ஏறத்தாழ 1,70,000 பேர் உசாவலின்றி வேலை இழந்தனர். சென்னை உயர்நயன்மன்றமோ, பணியாளர் தீர்ப்பாயத்திற்குச் செல்க என்றது. அங்கு அப்பொழுது இருந்த உறுப்பினர் எத்துணைப் பேர்? ஒரே ஒருவர்! ஆகசுட்டு 6-இல் உச்சநயன்மன்றம், வேலைநிறுத்தம் செய்ய உரிமையே இல்லை என்று தீர்ப்புரைத்தது. மன்னிப்புக் கேட்டு உறுதிமொழி எழுதித் தருவோர் மீண்டும் பணியிற் சேரலாயினர். தளைப்பட்டோர், வழக்குப் பதிவானோர் ஆகியோரின் முறையீட்டைக் கேட்க, ஓய்வுபெற்ற நடுவர் மூவர் அமர்த்தப்பெற்றனர். அதாவது, மீண்டும் பிற்கேட்பு!

அன்று மதுரையில் நிகழ்ந்ததும் இதுவே. பொற்கொல்லன் சொல்லை நம்பிக் கோவலனை வெட்டினர். அவனை உசாவினார் எவருமிலர். கண்ணகி சிலம்பை உடைத்துக் காட்டியபொழுது, கேட்கப்பட வேண்டியவன் உயிரோடில்லை. ஆயினும் அப்பாண்டியனுக்கு ஒரு பெருமை உண்டு: பிழை உணர்ந்த அப்பொழுதே அரியணையில் உயிர் விட்டான். 2003-இலோ, மன்னிப்புக் கேட்குமாறு பணிக்கப்பட்டது கேளாது வெட்டிய அரசன்று, வெட்டுண்ட பணியாளர்!

உடனே செயற்பட வேண்டிய நிலை அரசுக்கு வாராதோ என்பார் உளர். வரும். நஞ்சேறிய உணவைக் கடையிலிருந்து உடனே கைப்பற்றுக. வழக்கைப் பின்னர்ப் பேசலாம். வேலை நீக்கம் அத்தகையதா? உசாவல் முடியுமளவும் ஒருவரைப் பணியிடை நிறுத்தி வைக்கும் அதிகாரம் அரசின் கையில் உள்ளதே! அஃதிருக்க, அடியோடு நீக்குவதற்கு விரைவது எதற்கு? அச்சுறுத்துவதற்கே என்போம்.

இதற்குத் துணைநிற்கும் கூறு அரசியலமைப்புச் சட்டத்திலேயே உள்ளது. அதன் 311-ஆம் பிரிவு உசாவாது நீக்குதல் கூடாதென்று ஒரு கையால் கொடுக்கின்றது. உசாவுதல் நடைமுறைக்கு இயலாது என்று மேலலுவலர் எழுதி வைத்தால் உசாவல் வேண்டா என்று மறுகையால் பறிக்கின்றது. 1985-இல் உச்சநயன்மன்றம் இதனைச் செல்லுமென்றது. இயலுமா இயலாதா என்பதை ஒறுப்பவனே முடிவுசெய்வான் எனில், எவன்தான் இயலும் என்று எழுதுவான்? அவ்விலக்கு நீக்கப்பெறல் வேண்டும். அதுவரை, எழுதி வைத்த ஒவ்வொரு கரணியத்தையும் ஆணை பெற்றவன் கையிலேயே கொடுத்தாக வேண்டும்.