“ஓடிப் போயி ஒரு கட்டு பீடி வாங்கிட்டு வாடா”

18 வயதுக்குக் கீழே உள்ளவருக்குப் புகையிலைப் பொருள் விற்பது தண்டனைக்குரிய குற்றம். 2003ஆம் ஆண்டின் மத்தியச் சட்டம், 6ஆம் பிரிவு. பீடி சிகரெட் விற்கிற ஒவ்வொரு கடையிலும் இதை எழுதிப் பலகை மாட்ட வேண்டும் என்பதும் விதி. சின்னமனூரிலிருந்து கூடலூர் வரை உள்ள தோழர்கள் அவரவர் ஊர்ப் பெட்டிக்கடை முன்னால் ஒரு சாயங்காலம் நின்று பாருங்கள். பீடிக்கட்டு வாங்க வருவது யார்? சேரியிலிருந்து பத்து வயசுப் பையன். வாங்குவது அவனுக்கல்ல, திராட்சைத் தோட்டத்துக்காரருக்கு. இல்லையென்றால் மடத்தில் சீட்டாடுகிற ‘பெரிய மனுசனுக்கு’.

“பத்தவச்சுக் கொண்டாடா” என்று ஏவுகிறவர்களும் உண்டு. கடையில் தொங்குகிற கயிற்று நெருப்பில் பீடியைப் பற்றவைத்து, வழியில் அணைந்துவிடாமல் இருக்க இரண்டு இழுப்பு இழுத்துக்கொண்டே வர வேண்டும். நம்ம பிள்ளைகளில் பலருக்கு முதல் புகை இப்படித்தான் உள்ளே போனது. கெட்ட சகவாசம், சினிமா மோகம் என்று பிரசங்கம் செய்கிறவர்களுக்கு இது தெரியாது. தெரிந்தாலும் சொல்ல மாட்டார்கள்.

ஊர்த்தெருப் பிள்ளை ஒருவனை நம்ம தாத்தா ஒருத்தர் இப்படி ஏவிப் பார்க்கட்டும். அன்றைக்கே பஞ்சாயத்து கூடிவிடும். ஆக இது பெரியவர் சின்னவர் விவகாரம் இல்லை, சாதி விவகாரம். யார் வீட்டுப் பிள்ளையை யார் வேண்டுமானாலும் ‘டேய்’ போட்டு வேலை வாங்கலாம் என்ற அதிகாரம் இது.

“எனக்கு இல்லண்ணே, மொதலாளிக்கு” என்று பையன் சொன்னால் கடைக்காரர் கொடுத்துவிடுகிறார். சட்டத்தில் அந்தச் சலுகை கிடையாது. யாருக்காக வாங்கினாலும் சிறுவனுக்கு விற்றது விற்றதுதான். வாங்கியவர் சிறுவரல்ல என்று நிரூபிக்கிற பொறுப்பும் விற்றவருடையது. 2011ஆம் ஆண்டு விதி இன்னும் ஒரு படி மேலே போகிறது: 18 வயதுக்குக் கீழே உள்ளவர் கடையில் புகையிலைப் பொருளைக் கையாளவோ விற்கவோ கூடாது. 2015ஆம் ஆண்டின் சிறார் நீதிச் சட்டம், 77ஆம் பிரிவு, குழந்தைக்குப் புகையிலை கொடுப்பவருக்கு மட்டுமின்றிக் கொடுக்க வைப்பவருக்கும் ஏழாண்டு வரை கடுங்காவல், ஒரு லட்சம் வரை அபராதம் என்கிறது. அந்தக் ‘கொடுக்க வைப்பவர்’ யார்? ஏவிவிட்டு மடத்தில் உட்கார்ந்திருக்கிறவர்தான் என்பது நம் வாசிப்பு. வழக்கறிஞர் தோழர்கள் நீதிமன்றத்தில் வாதாட வேண்டிய இடம் இது.

வயதை 21 ஆக்க வேண்டும் என்ற பேச்சும் இருக்கிறது. 2020இல் மத்திய அரசு வெளியிட்ட திருத்த வரைவில் அது இருந்தது. இலங்கையில் 2006ஆம் ஆண்டுச் சட்டத்திலேயே 21தான். கர்நாடகமும் தன் சட்டத்தைத் திருத்தி 21 ஆக்கியிருக்கிறது. ஆக்கட்டும், நமக்கு மறுப்பில்லை. ஆனால் 6ஆம் பிரிவை மீறினால் அபராதம் அதிகபட்சம் 200 ரூபாய். அந்த 200 ரூபாயையும் முதலில் யாரிடம் வசூலிப்பார்கள்? சேரி முனையில் கூரைக்கடை போட்டிருக்கிற நம்ம ஆத்தாவிடம்தான். மொத்த வியாபாரியிடம் கணக்குக் கேட்க மாட்டார்கள். அதற்காக ஆத்தா கடைக்கு விலக்குக் கேட்கவில்லை. பஜாரில் தொடங்கு என்கிறோம்.

தோழர்கள் இன்னொன்றையும் மனதில் வையுங்கள். 6ஆம் பிரிவில் குற்றவாளி விற்றவர், வாங்கிய பிள்ளை அல்ல. இந்தச் சட்டத்தைக் காட்டி நம்ம பையன்களைக் காவல் நிலையத்துக்கு இழுத்தால் உடனே கேள்வி கேளுங்கள்.

கல்வி நிறுவனத்திலிருந்து 100 கஜத்துக்குள் விற்பனையே கூடாது. பள்ளி, கல்லூரி என்று சொல்கிற விதியில் விடுதி என்ற சொல் இல்லை. ஆதிதிராவிடர் நல விடுதி வாசலிலேயே கடை போடலாமா? தேனி மாவட்டத்து விடுதி மாணவர்கள் முதலில் நாடா பிடித்து அளக்கட்டும். 100 கஜம் என்பது 91 மீட்டர் சொச்சம். அதற்குள் இருக்கிற கடைகளின் பட்டியலோடு, விடுதியையும் விதியில் சேர்க்கச் சொல்லி, வருகிற திங்கட்கிழமை குறைதீர் நாளில் கலெக்டரிடம் மனுக் கொடுப்போம். ரசீது வாங்காமல் திரும்பக் கூடாது.